மிஷின் எண் எங்கே இருக்கிறது? பழைய, புதிய தையல் மிஷின்களை அடையாளம் காண ஒரு வழிமுறை

போன ஆடியில் மாரண்டஹள்ளிப் பக்கத்திலிருந்து ஒரு அக்கா பாலக்கோட்டில் இருக்கும் என் கடைக்கு வந்தார். "தம்பி, சிங்கர் மிஷினுக்கு பாபின் கேஸ் ஒண்ணு குடுங்க" என்றார். அடிநூல் சுற்றிய பாபினை வைக்கும் கூடுதான் பாபின் கேஸ். எந்த சிங்கர் என்று கேட்டேன். "கறுப்பு சிங்கர்தாம்பா, எங்க மாமியாரோடது." கறுப்பு சிங்கரில் நீள ஷட்டில் (அடிநூலைக் கொண்டுபோகும் கூடு) ஆடுகிற மிஷின் உண்டு, உருண்டை பாபினைப் பக்கவாட்டில் செருகும் மிஷின் உண்டு, மேலிருந்து போடும் மிஷினும் உண்டு. மூன்றுக்கும் சாமான் வேறு வேறு. அவர் ஏற்கெனவே வேறு ஊரில் ஒரு கேஸ் வாங்கி, அது உட்காராமல் போக, அழுத்தித் திணித்துப் பார்த்திருக்கிறார். கேஸும் வீண், பஸ் செலவும் வீண், உள்ளே நூலைப் பிடிக்கும் கொக்கியின் முனையிலும் கீறல் விழுந்துவிட்டது. மிஷினில் இருக்கிற எண்ணையும் குறிகளையும் ஒரு முறை பார்த்து எழுதிக்கொண்டு வந்திருந்தால் ஐந்து நிமிட வேலை.

இந்த மாதிரி வாரத்துக்கு இரண்டு பேராவது வருகிறார்கள். அதனால் என்னிடம் வழக்கமாகக் கேட்கப்படும் சிக்கல்களை ஒவ்வொன்றாக எடுத்து, என்ன தெரிந்தால் என்ன செய்ய வேண்டும் என்று எழுதுகிறேன். உங்கள் சிக்கல் எதுவோ அந்தப் பகுதிக்கு நேராகப் போகலாம். ஆனால் அடுத்து வரும் பத்தியை மட்டும் எல்லாரும் படித்துவிடுங்கள்.

ஒரு மிஷினில் அடையாளம் மூன்று விதமாக இருக்கும். இரும்பிலேயே அச்சடித்த எண், ஆணி அடித்துப் பொருத்திய தகடு, பெயின்ட்டாகவோ ஸ்டிக்கராகவோ ஒட்டிய எழுத்து. நம்புகிற வரிசையும் இதுதான். இரும்பில் அடித்ததை மாற்றுவது கஷ்டம், தகட்டைக் கழற்றி வேறு மிஷினில் மாட்டலாம், ஸ்டிக்கரை யார் வேண்டுமானாலும் கடையில் வாங்கி ஒட்டலாம். நிறையப் பேர் இதைத் தலைகீழாகச் செய்கிறார்கள். பெரிய தங்க எழுத்தைப் பார்த்து முடிவு கட்டிவிட்டு, அடியில் இருக்கிற சின்ன எண்ணைக் கண்டுகொள்வதே இல்லை.

இனி நான் அடித்தட்டு என்று சொன்னால் துணி ஓடும் அந்தத் தட்டையான இரும்புப் பகுதி. தூண் என்றால் வலது பக்கம், கை வீலுக்குக் கீழே நிற்கும் கட்டை. தலை என்றால் ஸ்டாண்டும் பலகையும் இல்லாத மிஷின் மட்டும்.

எண்ணே கண்ணில் படவில்லை

முதலில் தூணின் அடியில், உங்களுக்கு நேராக இருக்கும் வலது பக்க அடித்தட்டைப் பாருங்கள். பழைய சிங்கரில் அங்கே ஒரு சின்ன மேடு இருக்கும், கட்டை விரல் அகலத்துக்கு நீள்வட்டமாக. அதில்தான் எண். விரலால் தடவினாலே தட்டுப்படும். நம் ஊரில் ஓடும் இந்தியக் கறுப்பு மிஷின்களிலும் பெரும்பாலும் இதே இடத்தைச் சுற்றித்தான் எண் இருக்கும்.

அங்கே இல்லையென்றால் தலையைப் பின்பக்கமாகச் சாய்த்து அடியில் பாருங்கள். சாய்ப்பதற்கு முன் பெல்ட்டைக் கழற்றுங்கள், பாபினையும் எடுத்துவிடுங்கள், பலகையில் இருக்கும் இரண்டு கீல்களும் உறுதியாக இருக்கின்றனவா என்று ஆட்டிப் பாருங்கள். பழைய பலகையில் கீல் திருகு தளர்ந்திருந்து, தலை முழுவதும் பின்னால் விழுந்து கை வீல் உடைந்த மிஷின்களைப் பார்த்திருக்கிறேன். வார்ப்பிரும்பு நசுங்காது, நேராக உடைந்துவிடும், ஒட்டவைப்பது கஷ்டம். அதனால் ஒருவர் பிடித்துக்கொள்ள, இன்னொருவர் பாருங்கள்.

இரண்டு இடத்திலும் இல்லையா? மிஷினுக்கு மறு பெயின்ட் அடித்திருக்கிறார்கள் என்று சந்தேகப்படுங்கள். பளபளவென்று புதுக் கறுப்பு இருக்கும், ஆனால் திருகுகளின் தலையில் கூட பெயின்ட் ஏறியிருக்கும், எண்ணெய் விடும் துளைகள் பாதி மூடியிருக்கும். அந்த மாதிரி மிஷினில் எண் பெயின்ட்டுக்கு அடியில் இருக்கிறது. அடுத்த பகுதியைப் பாருங்கள்.

எண் இருக்கிறது, ஆனால் படிக்க முடியவில்லை

உப்புத் தாளை எடுக்காதீர்கள். இதைத்தான் முதலில் சொல்ல வேண்டும், ஏனென்றால் எல்லாரும் முதலில் எடுப்பது அதைத்தான். எண் ஆழமாக இருக்காது, நாலு தேய்ப்பில் பாதி போய்விடும். பெட்ரோல், தின்னர் இரண்டும் வேண்டாம். பழைய மிஷினின் தங்கப் பூவேலைக்கு மேலே பூசியிருக்கும் அரக்குப் பூச்சை தின்னர் கரைத்துவிடும், துணியோடு பூவும் சேர்ந்து வந்துவிடும்.

மிஷின் எண்ணெயை இரண்டு சொட்டு விட்டு ஒரு ராத்திரி விடுங்கள். காலையில் பழைய பருத்தித் துணியால் துடைத்தால் ஐம்பது வருஷத்து அழுக்கும் காய்ந்த எண்ணெயும் ஓரளவு வந்துவிடும். தேங்காய் எண்ணெய் விட்டு ஓட்டிய மிஷின் என்றால் அது மெழுகு மாதிரி இறுகி இருக்கும், இரண்டு மூன்று நாள் இதையே செய்ய வேண்டும். மூங்கில் குச்சியின் முனையைச் சீவி பள்ளத்தில் இருப்பதை எடுக்கலாம். இரும்பு ஊசி வேண்டாம்.

அதற்குப் பிறகும் தெரியவில்லை என்றால் முகப் பவுடரையோ கோல மாவையோ விரலில் தொட்டு எண் மேல் தேய்த்து, மேலே இருப்பதை மட்டும் துடைத்துவிடுங்கள். பள்ளத்தில் வெள்ளை நிற்கும், கறுப்பில் எண் எடுப்பாகத் தெரியும். இரவில் விளக்கை அணைத்துவிட்டு, செல்போன் டார்ச்சை மேலிருந்து அடிக்காமல் பக்கவாட்டில், தட்டோடு தட்டாகப் படுக்கவைத்து அடித்தால் தேய்ந்த எண்ணுக்கும் நிழல் விழும். டார்ச் ஒரு போன், போட்டோ எடுக்க இன்னொரு போன். இந்த முறையில் எனக்குத் தெரியாமல் போன எண் மிகக் குறைவு. மெல்லிய தாளை வைத்து பென்சிலைச் சாய்த்துத் தேய்த்து எடுப்பதும் நல்ல வழி, நாம் சின்ன வயதில் காசை நோட்டில் தேய்த்த மாதிரி.

படிக்கும்போது 3, 8 இரண்டும் குழப்பும், 1, 7 குழப்பும். எழுத்தில் ஒய், வி இரண்டும் குழப்பும், ஈ, எஃப் இரண்டும் குழப்பும். சந்தேகமான இடத்தில் இரண்டையும் எழுதி வையுங்கள். நாமாக ஒன்றை முடிவு செய்துகொண்டால் பிறகு திருத்த முடியாது.

நாலைந்து எண்கள் இருக்கின்றன, எது மிஷின் எண்?

இது நல்ல கேள்வி, இதில் ஏமாறாதவர்கள் குறைவு.

அடித்தட்டின் அடிப்புறத்தில் பெரிதாகப் புடைத்து நிற்கும் எண் வார்ப்பு அச்சின் எண். அதே அச்சில் வார்த்த ஆயிரம் தலைகளிலும் அதே எண்தான் இருக்கும். உள்ளே ஒவ்வொரு கம்பியிலும் பல்லிலும் குட்டியாக ஐந்தாறு இலக்கம் அடித்திருந்தால் அது உதிரி எண். அது வீண் இல்லை, அந்த உதிரி கெட்டால் கடையில் சொல்லிக் கேட்க அதைவிட நல்ல அடையாளம் கிடையாது. சிங்கரின் உதிரிகளிலும், மடிப்புத் தைக்கும் சின்னச் சின்னக் கால்களிலும் சிமான்கோ என்று ஆங்கிலத்தில் இருக்கும். அது வேறு கம்பெனி என்று நினைத்து ஒருவர் கழற்றித் தூக்கிப் போட்டுவிட்டார். சிங்கர் மேனுபாக்சரிங் கம்பெனி என்பதைச் சுருக்கி அவர்களே வைத்துக்கொண்ட பெயர் அது. அந்தக் கால்கள் இருந்தால் பத்திரப்படுத்துங்கள், இப்போது வருபவற்றில் அந்த இரும்பு இல்லை.

ஊசிக்குப் பக்கத்தில் தள்ளித் திறக்கும் தகட்டில் தேதிகள் வரிசையாக இருக்கலாம். அவை காப்புரிமை வாங்கிய தேதிகள், மிஷின் செய்த தேதி என்று எடுத்துக்கொள்ளக் கூடாது. 1800-களின் தேதியைப் பார்த்துவிட்டு நூற்றைம்பது வருஷத்து மிஷின் என்று சொல்லி விலை பேசுகிறவர்கள் இருக்கிறார்கள்.

ஸ்டாண்டில் இருக்கும் எழுத்தையும் கணக்கில் சேர்க்காதீர்கள். நம் பக்கம் ஸ்டாண்டு ஒருவரிடம், தலை ஒருவரிடம் வாங்கிச் சேர்ப்பது சாதாரணம். சிங்கர் என்று வார்த்த ஸ்டாண்டின் மேல் லூதியானாவில் செய்த தலை உட்கார்ந்திருப்பதைத் தருமபுரி டவுனிலேயே எத்தனை கடையில் வேண்டுமானாலும் பார்க்கலாம்.

மிஷின் எண் என்பது தலையில், அடித்து இறக்கியதாக, அந்தத் தலைக்கு மட்டும் உரியதாக இருக்கும்.

சிங்கர் எண் கிடைத்துவிட்டது, அதை வைத்து என்ன தெரியும்?

முன்னால் எழுத்தே இல்லாமல் வெறும் இலக்கங்கள் மட்டும் என்றால் 1900-க்கு முந்தைய மிஷின். அந்த வருஷத்திலிருந்துதான் முன்னால் ஒரு எழுத்து போடத் தொடங்கினார்கள். ஆனால் முன்னால் இருந்த எழுத்து தேய்ந்து போயிருக்கவும் வாய்ப்பு உண்டு, மேலே சொன்ன டார்ச் வழியில் இலக்கத்துக்கு இடது பக்கம் நன்றாகப் பார்த்துவிட்டுத்தான் முடிவுக்கு வர வேண்டும்.

நம் பக்கம் கிடைக்கிற பழைய சிங்கர்களில் பெரும்பகுதி ஸ்காட்லாந்தின் கிளைட்பேங்க் தொழிற்சாலையில் செய்தவை. 1885-இல் திறந்து 1980-இல் மூடிய தொழிற்சாலை அது. எஃப் எழுத்தில் தொடங்கினால் 1910-லிருந்து 1920 வாக்கில், ஒய் எழுத்தில் தொடங்கினால் 1920-களின் தொடக்கத்திலிருந்து 1935 வரை. ஈ எழுத்தோடு இன்னொரு எழுத்தும் சேர்ந்து இரண்டு எழுத்தாக, பின்னால் ஆறு இலக்கம் வந்தால் 1930-களின் நடுவிலிருந்து 1960-களின் தொடக்கம் வரைக்குள். ஜி எழுத்து என்றால் அமெரிக்காவின் எலிசபெத் ஊர்த் தொழிற்சாலை, சி எழுத்து என்றால் ஜெர்மனியின் விட்டன்பெர்கே.

இந்த வருஷக் கணக்கை ஒரு அளவோடு எடுத்துக்கொள்ளுங்கள். எண்களைக் கட்டுக் கட்டாக முதலில் ஒதுக்கிவிட்டுத்தான் மிஷின் செய்தார்கள், அதனால் ஒதுக்கிய வருஷத்துக்கும் மிஷின் வெளியே வந்த வருஷத்துக்கும் ஒன்றிரண்டு வருஷம் தள்ளிப் போகலாம். 1951-இல் கம்பெனிக்கு நூறு வருஷம் ஆனபோது ஓரத்தில் நீலப் பட்டை போட்ட நீள்வட்ட வில்லை ஒன்றைத் தூணில் பொருத்தினார்கள். அந்த வில்லை இருக்கிறது, எண் மட்டும் முந்தைய வருஷத்தைக் காட்டுகிறது என்று ஒரு அண்ணன் ஊத்தங்கரையிலிருந்து கவலையோடு போன் செய்தார். கவலைப்பட ஒன்றும் இல்லை, காரணம் இதுதான்.

எண் வயதைச் சொல்லும், செய்த ஊரைச் சொல்லும். மாடலைப் பழைய மிஷினில் பல நேரம் சொல்லாது. பிந்தையவற்றில் தூணின் முன்பக்கம் கீழே 15கே, 99கே, 201கே என்று தனியாக எழுதியிருக்கும், அந்த கே என்பது ஸ்காட்லாந்துத் தொழிற்சாலையின் குறி. அது இல்லாத மிஷினில் உடம்பைப் பார்த்துத்தான் கண்டுபிடிக்க வேண்டும். நூல் இறுக்கும் வட்டத் தகடுகள் (டென்ஷன்) இடது கோடியில் முகத் தகட்டின் மேல் இருந்து, பாபின் கேஸ் இடது பக்கத்திலிருந்து உள்ளே போனால் 15 வகை. டென்ஷன் உங்களைப் பார்த்து முன்பக்கம் இருந்து, பாபினைத் தட்டைத் திறந்து மேலிருந்து படுக்கையாகப் போட்டால் 66, உடம்பு அதைவிடச் சிறிதாக இருந்தால் 99. பாபின் நீளக் குச்சி மாதிரி இருந்து, தோட்டா வடிவ ஷட்டிலுக்குள் போய், அந்த ஷட்டில் ஊஞ்சல் மாதிரி முன்னும் பின்னும் ஆடினால் 27 அல்லது 127, அதன் சிறிய உடம்பு 28 அல்லது 128.

அந்த மாரண்டஹள்ளி அக்கா மறுபடி வந்தபோது எண்ணையும் போட்டோவையும் கொண்டுவந்தார். எண் ஒய் எழுத்தில் தொடங்கியது, டென்ஷன் முன்பக்கம், பாபின் மேலிருந்து. 66. அதில் கேஸ் உள்ளேயே இருக்கும், 15 வகை மாதிரி ஒவ்வொரு முறையும் கழற்றி மாட்டும் கேஸ் கிடையாது, பாபினை மட்டும்தான் மாற்ற வேண்டும். அவர் இத்தனை நாளும் தேடியது அந்த மிஷினுக்குப் பொருந்தாத ஒரு சாமானை.

ஒரு விஷயம் நம் மாவட்டத்துக்காரர்களுக்காக. மிஷினோடு வந்த பழைய ரசீதோ, விற்ற கடையின் சின்னத் தகடோ இருந்து, அதில் சேலம் ஜில்லா என்று இருந்தால் மிஷின் சேலத்திலிருந்து வந்தது என்று முடிவு கட்ட வேண்டாம். 1965 அக்டோபர் 2 வரைக்கும் தருமபுரி சேலம் மாவட்டத்துக்குள்தான் இருந்தது. அதே மாதிரி கிருஷ்ணகிரிக் கடையின் ரசீதில் தருமபுரி மாவட்டம் என்றிருந்தால் அது 2004 பிப்ரவரிக்கு முந்தையது. எண் தேய்ந்துபோன மிஷினுக்கு இந்தக் காகிதம் பெரிய உதவி. கோலார் தங்கவயலில் வேலை பார்த்துவிட்டு ஊர் திரும்பிய குடும்பங்களில் நல்ல நல்ல மிஷின்கள் இருக்கின்றன. அந்த வீடுகளில் மிஷின் டிராயரில் ரசீது மடித்து வைத்திருப்பதைப் பார்த்திருக்கிறேன். டிராயரைக் கவிழ்த்து, அடிப்பலகையையும் பார்த்துவிடுங்கள்.

பெயர் சிங்கர், ஆனால் எதுவும் ஒத்துப்போகவில்லை

தூணில் பித்தளை வில்லை இருக்க வேண்டிய இடத்தைப் பாருங்கள். பழைய சிங்கரில் நீள்வட்டப் பித்தளை வில்லையை இரண்டு குட்டி ஆணிகளால் பொருத்தியிருப்பார்கள், நடுவில் எஸ் எழுத்தும் குறுக்கே போட்ட ஊசிகளும் இருக்கும். வில்லையும் இல்லை, ஆணித் துளையும் இல்லை, எண் மேடும் இல்லை, எழுத்து மட்டும் ஸ்டிக்கராக இருக்கிறது என்றால் அது வேறு தலைக்கு ஒட்டிய பெயராக இருக்கவே வாய்ப்பு அதிகம். நகத்தால் எழுத்தின் ஓரத்தைச் சுரண்டிப் பாருங்கள். பழைய தங்க எழுத்து பூச்சுக்கு அடியில் இருக்கும், நகத்தில் மாட்டாது. புது ஸ்டிக்கர் ஓரம் தூக்கும்.

இதற்காக அந்த மிஷினைக் குறைவாக நினைக்க வேண்டாம். தையல் நன்றாக விழுந்தால் அது நல்ல மிஷின்தான். வாங்கும்போது சிங்கர் விலை கொடுக்காதீர்கள், உதிரி வாங்கும்போது சிங்கர் என்று சொல்லாதீர்கள், அவ்வளவுதான்.

மெரிட் என்று எழுதியிருந்தால் அது போலி என்று சிலர் சொல்கிறார்கள், தவறு. சிங்கர் கம்பெனியே இந்தியாவில் விற்கும் பெயர் அது. கம்பெனியைத் தொடங்கிய ஐசக் மெரிட் சிங்கரின் பெயருக்கு நடுவில் இருக்கும் மெரிட்தான்.

உஷா, ரீட்டா, பெயரே அழிந்துபோன கறுப்பு மிஷின்

பழைய உஷாவில் ஜெய் இன்ஜினியரிங் ஒர்க்ஸ், கல்கத்தா என்று இருக்கும். 1930-களில் அங்கே தொடங்கிய கம்பெனி அது, பெயரைப் பார்த்து வேறு மிஷின் என்று நினைக்க வேண்டாம். ரீட்டாவும், இன்னும் எத்தனையோ பெயர்களும் லூதியானாவிலிருந்து வந்தவை.

நிம்மதியான செய்தி என்னவென்றால், வீட்டில் ஓட்டும் இந்தியக் கறுப்பு மிஷின்களில் பெரும்பாலானவை சிங்கர் 15-இன் அமைப்பைப் பார்த்துச் செய்தவை. அதனால் பெயர் அழிந்திருந்தாலும் டென்ஷன் இடது கோடியில், பாபின் கேஸ் இடது பக்கத்திலிருந்து என்று இருந்தால், 15 வகை பாபினும் கேஸும் கேட்கலாம். டெய்லர் கடையில் ஓடும் பெரிய உடம்பு மிஷினுக்கு இந்தக் கணக்கு ஓடாது. அதற்கு அம்பிரெல்லாவா, டெய்லர் மாடலா, ஷட்டில் முழுசா பாதியா என்று கடைக்காரர் கேட்பார். பதில் தெரியவில்லை என்றால் ஷட்டிலையே கழற்றி ஒரு டப்பாவில் போட்டுக் கொண்டுபோய்விடுங்கள். பேசிப் புரியவைப்பதைவிட அது மேல்.

ஐ.எஸ்.ஐ முத்திரை இருந்தால் அதையும் போட்டோ எடுங்கள். முத்திரைக்கு மேலே தர எண், கீழே சி.எம்./எல் என்று தொடங்கும் உரிம எண். பிஐஎஸ் கேர் என்ற அரசு செயலியில் அந்த உரிம எண்ணைப் போட்டால் யாருக்குக் கொடுத்த உரிமம் என்று காட்டும். முத்திரை மட்டும் இருந்து உரிம எண் இல்லாத புது மிஷினை வாங்காதீர்கள்.

வாங்கிய ஊசி, பாபின் பொருந்தவில்லை

ஊசியை எடுத்து அதன் தடித்த பகுதியை விரலில் உருட்டுங்கள். ஒரு பக்கம் தட்டையாக இருந்தால் வீட்டு மிஷின் ஊசி, உறையில் எச்ஏ எக்ஸ் 1 என்றோ 15 எக்ஸ் 1 என்றோ 130/705எச் என்றோ இருக்கும். மூன்றும் ஒரே வகை, பெயர்தான் வேறு. முழுக்க உருண்டையாக இருந்தால் கார்மென்ட்ஸ் மிஷின் ஊசி, சாதாரண நேர்தையல் பவர் மிஷினுக்கு டிபி எக்ஸ் 1. துணி ஓரம் தைக்கும் ஓவர்லாக்குக்கு டிசி எக்ஸ் 27 என்று வேறு. இரண்டு வகைக்கும் நீளம் ஒன்றில்லை. மாற்றிப் போட்டால் ஊசிக்கம்பியில் ஏறாது, ஏறினாலும் கொக்கி நூலைப் பிடிக்காது, சில நேரம் கொக்கியில் மோதி முறியும். தையல் விடுகிறது, நூல் அறுகிறது என்று வருகிற மிஷின்களில் பாதிக்கு ஊசியை மாற்றியதும் என் வேலை முடிந்துவிடுகிறது.

ஊசி உறையில் 14/90, 16/100 என்று இருப்பது கனம். இரண்டு எண்ணும் ஒரே கனத்தைத்தான் சொல்கின்றன. 90 என்றால் 0.9 மில்லிமீட்டர். ரவிக்கைத் துணிக்கு 11/75 அல்லது 14/90, ஜீன்ஸுக்கு 16/100 அல்லது 18/110.

பாபினுக்கு ஸ்கேல் எடுங்கள். 15 வகையும் பவர் மிஷின் பாபினும் மேலிருந்து பார்த்தால் கிட்டத்தட்ட ஒரே வட்டம், இரண்டு சென்டிமீட்டர். உயரம்தான் வேறு. 15 வகை 11 மில்லிமீட்டருக்கு மேல், பவர் மிஷின் பாபின் 9 வாக்கில். கண்ணுக்கு ஒன்றாகத் தெரிவதால்தான் கடையில் மாறிப்போகிறது. 66 வகை பாபினின் இரு பக்கமும் லேசாகக் குவிந்திருக்கும், 15-இல் தட்டையாக இருக்கும். கேஸ் வாங்கும்போது நீட்டிக்கொண்டிருக்கும் கொம்பு எந்தப் பக்கம் சாய்ந்திருக்கிறது என்று பழையதோடு சேர்த்து வைத்துப் பாருங்கள். 15 வகையிலேயே இரண்டு விதம் உண்டு.

புது பிளாஸ்டிக் மிஷின், ஸ்டிக்கர் கிழிந்துவிட்டது

இதில் இரும்பில் அடித்த எண்ணைத் தேட வேண்டாம். பின்பக்கம், அடிப்பக்கம், கை வீலுக்குக் கீழே கரண்ட் வயர் செருகும் இடம், இந்த மூன்றில் ஒன்றில் ஸ்டிக்கர் இருக்கும். மாடல் பெயர், வரிசை எண், வோல்ட், வாட் எல்லாம் அதில்தான். முன்னால் பெரிதாக இருக்கும் அல்லூர், வொண்டர் ஸ்டிச் போன்ற பெயர் கடைக்கு உதவும், சர்வீஸுக்கு ஸ்டிக்கர் எண் வேண்டும். வாங்கிய அன்றே போட்டோ எடுத்து வையுங்கள், துடைத்துத் துடைத்து ஒரு வருஷத்தில் அழிந்துவிடுகிறது. கிழிந்தே போய்விட்டது என்றால் அட்டைப் பெட்டியின் பக்கவாட்டில் அதே எண் இருக்கலாம், உத்தரவாத அட்டையிலும் பில்லிலும் எழுதியிருக்கலாம்.

வெளிநாட்டிலிருந்து சொந்தக்காரர் கொண்டுவந்த மிஷின் என்றால் ஸ்டிக்கரில் வோல்ட் பார்க்காமல் பிளக்கில் செருகாதீர்கள். ஜப்பான் வீடுகளில் 100 வோல்ட், அமெரிக்காவில் 120. நம் கரண்ட் 230. அந்த மோட்டார் சில நொடி வேகமாக ஓடிவிட்டுப் புகைந்துவிடும். 220-240 என்றோ 100-240 என்றோ எழுதியிருந்தால் பயமில்லை.

ஓசூர், பெங்களூரிலிருந்து வந்த பவர் மிஷின்

கார்மென்ட்ஸ் கம்பெனிகள் கழித்துப் போடும் மிஷின்கள் ஓசூர் வழியாக நம் ஊர்களுக்கு நிறைய வருகின்றன, பத்து மிஷின் போட்டுச் சின்னதாக யூனிட் வைப்பவர்கள் இவற்றைத்தான் வாங்குகிறார்கள். இங்கே மாடல் எண்ணை முழுதாக, கடைசி எழுத்து வரை படிக்க வேண்டும். ஜூக்கி டிடிஎல் 8700 என்பது ஒற்றை ஊசி நேர்தையல். பின்னால் எச் சேர்ந்தால் தடித்த துணிக்கு, பின்னால் 7 சேர்ந்தால் நூல் தானாக வெட்டும் வகை. வெறும் ஜூக்கி 8700 என்று சொல்லி விற்பார்கள், நீங்கள் ரவிக்கைத் துணி தைக்க வாங்கினால் எச் வகை சுருக்கம் விழவைக்கும். ஓவர்லாக்கில் எம்ஓ 6704 மூன்று நூல், 6714 நான்கு நூல், 6716 ஐந்து நூல். ஒரு இலக்கம் மாறினால் வேறு மிஷின்.

இந்த மிஷின்களில் மாடல் பெயர் தகடு முன்னால் இருக்கும், வரிசை எண் தனித் தகடாக இருக்கும். இரண்டு தகட்டின் திருகுகளையும் கவனியுங்கள். ஒன்று பழசாக எண்ணெய் ஏறி, ஒன்று மட்டும் புதுத் திருகாக மின்னினால் விற்பவரிடம் காரணம் கேளுங்கள். மேஜைக்கு அடியில் தொங்கும் மோட்டாருக்குத் தனித் தகடு உண்டு, அது தலையோடு பிறந்தது இல்லை, எந்த மோட்டாரும் எந்தத் தலைக்கும் மாட்டப்பட்டிருக்கலாம். அதில் ஒரு பேஸா மூன்று பேஸா என்று பாருங்கள். வீட்டு லைனில் ஓட்டப்போகிறவர் மூன்று பேஸ் மோட்டாரை வாங்கிவிட்டால் மோட்டாரையே மாற்ற வேண்டும்.

எண்ணைக் கேட்கிறார்கள், லட்சக்கணக்கில் தருகிறோம் என்கிறார்கள்

இதைப் பற்றி எழுதத்தான் உண்மையில் உட்கார்ந்தேன். பென்னாகரம் பக்கத்தில் ஒரு பெரியம்மாவிடம், "உங்க மிஷின்ல இந்த எழுத்துல ஆரம்பிக்கிற நம்பர் இருந்தா முப்பது லட்சம், சோதனைக்கு மட்டும் நீங்க முதல்ல பணம் கட்டணும்" என்று யாரோ போனில் சொல்லியிருக்கிறார்கள். அவர் கம்மலை அடகு வைக்கக் கிளம்பிவிட்டார். நல்லவேளையாகப் பேரன் என்னிடம் கேட்டான்.

பழைய சிங்கரில் சிவப்புப் பாதரசம் இருக்கிறது, அது கோடி பெறும் என்பது அந்த வதந்தி. 2009-இல் சவூதி அரேபியாவில் இதே கதை பரவி, பழைய மிஷின்களை ஆயிரக்கணக்கான ரியாலுக்கு வாங்கினார்கள். ஊசி பக்கத்தில் செல்போனை வைத்தால் லைன் கட்டாகும், அதுதான் சோதனை என்றார்கள். ஒன்றும் கிடைக்கவில்லை. நான் எத்தனையோ சிங்கர் தலைகளைக் கடைசித் திருகு வரை பிரித்திருக்கிறேன், என் அப்பா என்னைவிட அதிகம் பிரித்தவர். உள்ளே இருப்பது வார்ப்பிரும்பு, எஃகு, எண்ணெய், பஞ்சுத் தூசி. பாதரசம் வைக்க ஒரு குழியோ குப்பியோ அதில் கிடையாது, தேவையும் கிடையாது. இரிடியம் கலசம், ரைஸ் புல்லர் என்று சொல்லி ஏமாற்றுகிறார்களே, அதன் இன்னொரு முகம் இது.

எந்த எழுத்தில் தொடங்கும் எண்ணாக இருந்தாலும் லட்சம் போகாது. லட்சக்கணக்கில் செய்து விற்ற மிஷின் அது. யாராவது இப்படிக் கேட்டால் எண்ணைச் சொல்லாதீர்கள், போட்டோ அனுப்பாதீர்கள், ஒரு ரூபாய்கூட முன்பணம் கட்டாதீர்கள். கட்டிவிட்டீர்கள் என்றால் வெட்கப்படாமல் உடனே 1930 என்ற சைபர் குற்ற உதவி எண்ணுக்குப் போன் செய்யுங்கள், சீக்கிரம் சொன்னால் பணத்தை வங்கியில் நிறுத்திவைக்க வாய்ப்பு உண்டு.

அந்தப் பெரியம்மா வீட்டுக்கு அடுத்த வாரம் போனேன். எண் எஃப் எழுத்தில் தொடங்கியது, நீள ஷட்டில் ஆடும் சிங்கர், நூறு வருஷம் தாண்டியது. பாதி தேய்ந்த பூவேலை. எண்ணெய் விட்டு, பெல்ட் மாற்றி, ஷட்டிலின் கம்பித் திருகைக் கால் சுற்று இறுக்கினேன். தலையணை உறை ஒன்றை எடுத்துவந்து அவரே உட்கார்ந்து தைத்துப் பார்த்தார். எண்ணை ரேஷன் கார்டு உறையின் உள்பக்கம் பேரன் எழுதி வைத்துக்கொண்டான்.